மூன்றே கோடு

திங் யீ.
கூப்பிட வாய் திறந்தால் முடிந்துவிடும்.
குறுக்கே ஒன்று, கொக்கியோடு கீழே ஒன்று: திங்.
மறுபடி குறுக்கே ஒன்று: யீ.
தேர்வு மண்டபத்தில் பக்கத்து மேசை ஷாங்குவான் யாவ்ஹுயி
தன் பெயரோடு மல்லுக்கட்டி முடிப்பதற்குள்
முதல் கேள்விக்குத் தப்பான விடையே
எழுதி முடித்திருப்பேன்.

திங் என்றால் ஆணி.
வரிக்கும் வெட்டிவேலைக்கும் தலையெண்ணிய காலத்தில்
ஓர் ஆண்பிள்ளைத் தலை.
உணவுக்கடைப் பலகையில்
கட்டங்கட்டமாய் நறுக்கிய கோழி.
கைநாட்டுக்காரனை
"திங்கைக்கூடத் தெரியாதவன்" என்பது எங்கள் பக்கத்து வசவு.
அப்பாவுக்கு அந்த ஓர் எழுத்து தெரியும்.
அந்த வசவு தன்மேல் ஒட்டாது என்பார்.

யீ என்றால் ஒன்று.
அதற்குமேல் கேட்டால் ஆளுக்கொரு பதில்.
வானும் மண்ணும் பிரியுமுன் இருந்த ஒன்று என்பார் அப்பா,
இரண்டு கோப்பை உள்ளே போனபின்.
முதல் பிள்ளை, வேறென்ன என்பாள் அம்மா,
பூண்டிலிருந்து கண்ணெடுக்காமல்.
தூரிகை வகுப்பில் ஒருத்தி சொன்னாள்:
ஒன்றுதான் கடினம்,
ஒளிந்துகொள்ள இன்னொரு கோடு கிடையாது.
மூன்றையும் நம்பினேன். காசா பணமா.

போன மாதம் கடவுச்சீட்டுக்காக
லான்ஜோவிலிருந்து ஹுய்நிங் போனேன்.
கணினிக்கு முந்தைய பதிவேடு வேண்டுமாம்.
இரும்பு அலமாரி, தும்மல், நீல மையில் நான்:

மதம் —
இரத்த வகை —
முந்தைய முகவரி —
குடும்பப் பெயர் திங்
பெயர் —

எல்லாம் ஒரே நீளம், ஒரே சாய்வு,
வலது முனையில் பேனா இளைப்பாறிய
அதே சிறு பொட்டு.

"பெயர் ஒன்றுதானே?" என்றாள் எழுத்தர்,
விசைப்பலகையில் விரல் வைத்து.
"ஒன்றுமில்லை" என்றேன்.

அம்மாவைத் தொலைபேசியில் பிடித்தேன்.
மறுமுனையில் குழாய்த் தண்ணீர் நின்றது.
எண்பத்தேழு, ஆகஸ்ட்.
எழுதத் தெரிந்த பெரியப்பா மலைக்கு அந்தப்பக்கம்.
பெயர் வாங்கிவரப் போனார் அப்பா.
மூன்று வருடமாய் மழை காணாத ஊர்,
நிலவறைத் தொட்டியில் அடிமண் தெரிந்த ஊர்.
அன்றைக்குப் பார்த்துப் பெய்தது.
மஞ்சள் மண் பாதையையும் இழுத்துக்கொண்டு சரிந்தது.
நாலு மணிக்கு அலுவலகம் மூடவேண்டும்.
பேனாக்காரர் கட்டத்தில் கோடு இழுத்தார்:
அப்புறம் வந்து நிரப்பிக்கொள்ளுங்கள்.

மறுநாள் அப்பா வந்தார்.
சட்டைப்பையில் சிகரெட் அட்டை,
அட்டையில் என் பெயர்,
நீலக் குட்டையாய்.

"பெரியப்பாவையே திரும்பக் கேட்டிருக்கலாமே."
"கேட்காமலா? அவர் பருத்தி பறிக்க
சிஞ்சியாங் போய்விட்டார்.
திரும்பி வந்தபோது அவருக்கே மறந்திருந்தது.
அதற்குள் தடுப்பூசிக்காரி பதிவேட்டைப் பார்த்து
யீ, யீ என்று கூப்பிட்டாள்.
நீயும் அழுகையை நிறுத்தினாய்."

பிறகு, தண்ணீரைத் திறந்துகொண்டே:
"அப்பாவுக்கு ஒன்று ஞாபகம் இருக்கிறது.
மேலே கூரை மாதிரி, உள்ளே நாலு துளி.
மழை என்றாராம் உன் பெரியப்பா.
அதற்குக் கீழே என்னவோ."

விடுதிக்கு வந்து அகராதியைப் புரட்டினேன்.
மழைக்கூரைக்குக் கீழே ஒதுங்கி நிற்பவர்கள்:
வெண்பனி. உறைபனி. மூடுபனி. ஆலங்கட்டி.
அந்திச் செவ்வானம். இடி.
குளியலறைக் கண்ணாடி முன் நின்று
ஒவ்வொன்றாய் என்னைக் கூப்பிட்டுப் பார்த்தேன்.
இடிக்கு மட்டும் கொஞ்சம்
திரும்பத் தோன்றியது.

மறுநாள் காலை திருத்தப் படிவம் கொடுத்தாள் எழுத்தர்.
"புதிய பெயர்" என்றொரு கட்டம்,
தொட்டி போல வறண்டு கிடந்தது.
பேனாவைக் கையில் வைத்துக்கொண்டு
வெகுநேரம் நின்றிருக்கிறேன் போல.
வரிசையில் பின்னாலிருந்தவர் செருமினார்.

"மாற்றவில்லையென்றால்
கோடு இழுத்துவிடுங்கள்" என்றாள்.

இழுத்தேன்.
கொஞ்சம் நீண்டுவிட்டது,
கட்டத்துக்கு வெளியே.